கேம் எஞ்சின் திறக்க மறுக்கிறதா? பழைய லேப்டொப்பில் அடித்தளம் போடும் முழுமையான வழிகாட்டி

ஞாயிறு காலை மஸ்கெலியாப் பக்கத்திலிருந்து ஒரு தம்பி, லேப்டொப் நனையாமல் ரெயின்கோட்டுக்குள் அணைத்துப் பிடித்துக்கொண்டு ஹட்டனுக்கு வந்து சேர்ந்தான்.

"அண்ணே, கேம் செய்யுற எஞ்சின் டைரக்ட்எக்ஸ் வேணும்னு சொல்லுது. மூணு தடவ போட்டுட்டேன். திரும்பத் திரும்ப அதையேதான் கேக்குது."

போன் ஹொட்ஸ்பொட்டில் டவுன்லோட் செய்து, இரண்டு வாரத்துக்கு வைத்திருந்த டேட்டாவை ஒரே இரவில் முடித்திருக்கிறான். படம், ஒலி வேலைகளுக்காக விண்டோஸில் இருக்கும் டைரக்ட்எக்ஸை நான் தொடவே இல்லை. டிவைஸ் மேனேஜரைத் திறந்து ‘டிஸ்ப்ளே அடாப்டர்ஸ்’ வரியை விரித்தேன். ‘மைக்ரோசொஃப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர்’ என்று இருந்தது. அந்த லேப்டொப்பில் கிராபிக்ஸ் சிப்பை இயக்கும் மென்பொருளான கிராபிக்ஸ் டிரைவரே இல்லை. விண்டோஸ் மாற்றிக் கொடுத்த கடையில் அதைப் போடாமல் விட்டுவிட்டார்கள். திரையில் படம் தெரிகிறது, வீடியோ ஓடுகிறது, அதனால் எல்லாம் சரியாக இருக்கிறது என்று இவனும் நம்பிவிட்டான்.

என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேருடைய கதை இதுதான். எஞ்சின் கேட்பது ஒன்று, இவர்கள் போடுவது வேறொன்று. நகரத்தில் ஃபைபர் இணைப்பு உள்ளவர் பத்தையும் போட்டுப் பார்க்கலாம். தோட்டத்தில் மலை மறைவில் இரண்டு கோடு சிக்னலை வைத்துக்கொண்டு அப்படிச் செய்ய முடியாது. அதனால் முதலில் பார்க்க வேண்டும், கீழிருந்து மேலாகப் போட வேண்டும், ஒருமுறை இறக்கியதைப் பத்திரமாக வைத்துக்கொள்ள வேண்டும். கீழே சொல்வது விண்டோஸ் 10, 11 உள்ள கணினிகளுக்கு.

பீலித் தண்ணீர்

‘ரன்டைம்’, ‘டிஎல்எல்’ என்றெல்லாம் சொன்னால் பலருக்குத் தலை சுற்றும். எங்கள் ஊர் ஆளுக்கு ஒரே வார்த்தையில் சொல்லிவிடலாம்: பீலி. ஒரு லயத்தில் பத்து வீடு இருந்தால் பத்துக் கிணறு தோண்டுவதில்லை. மேலே ஊற்றிலிருந்து ஒரு பீலி வரும், எல்லா வீட்டுக்கும் அதே தண்ணீர்தான். மென்பொருள் எழுதுகிறவர்களும் அப்படித்தான். திரையில் படம் வரைவது, ஒலி கொடுப்பது, கோப்பைத் திறப்பது போன்ற பொது வேலைகளை ஒவ்வொருவரும் புதிதாக எழுதாமல், விண்டோஸில் ஏற்கெனவே இருக்கும் பொதுக் கோப்புகளிடம் கேட்டு வாங்கிக்கொள்கிறார்கள். அந்தப் பொதுக் கோப்புகள்தான் டிஎல்எல். அவற்றை மூட்டையாகக் கட்டிக் கொடுப்பதுதான் ரன்டைம் அல்லது ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்.

கேம் எஞ்சின் ஒன்றுக்குப் பொதுவாகத் தேவைப்படுபவை இவை. அடியில் கிராபிக்ஸ் டிரைவர். அதன் மேல் மைக்ரோசொஃப்ட் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரன்டைம். பிறகு டைரக்ட்எக்ஸின் பழைய துணைக் கோப்புகள். சில எஞ்சின்களுக்கு மட்டும் டொட் நெட். இவற்றுக்கு மேலேதான் எஞ்சின் உட்கார்கிறது. தேயிலை ஸ்டோரில் கொழுந்தை வாட்டிய பிறகுதான் அரைவைக்கு அனுப்புவார்கள், அதுபோல இங்கேயும் வரிசை முக்கியம். டிரைவர் இல்லாமல் மேலே என்ன போட்டாலும் அந்தத் தம்பியின் கதைதான்.

தொடங்குவதற்கு முன்

கரண்ட் விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். மார்ச், ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் மலையகத்தில் பின்னேரமானால் இடி இடிக்கும், மின்சாரமும் போகும். டிரைவர் போடுவது, விண்டோஸ் அப்டேட் செய்வது போன்ற வேலைகளை அந்த மாதங்களில் காலையிலேயே முடித்துவிடுங்கள். லேப்டொப் என்றால் பற்றரி பாதிக்கு மேல் இருக்கட்டும். பழைய லேப்டொப்புகளில் பற்றரி செத்துப்போய், சார்ஜரைப் பிடுங்கினால் அணைந்துவிடும். அப்படியானால் அதை டெஸ்க்டொப் என்றே நினைத்துக்கொள்ளுங்கள். யுபிஎஸ் இல்லாமல் மழை நேரத்தில் தொட வேண்டாம்.

அடுத்து டேட்டா. ஹொட்ஸ்பொட்டில் இணைத்தவுடன் விண்டோஸ் தன் பங்குக்கு அப்டேட் இறக்கத் தொடங்கிவிடும். செட்டிங்ஸில் நெட்வேர்க் பகுதிக்குப் போய், நீங்கள் இணைந்திருக்கும் வைஃபையின் புரொப்பர்ட்டீஸில் ‘மீட்டர்ட் கனெக்‌ஷன்’ என்பதை ஒன் செய்துவிட்டால் பெரும்பாலான அப்டேட்கள் நின்றுவிடும். பெரிய கோப்புகளை இரவு டேட்டாவில், விட்ட இடத்திலிருந்து தொடரக்கூடிய டவுன்லோட் மேனேஜர் ஒன்றில் போடுங்கள். போனை ஜன்னல் ஓரத்தில் டவர் பக்கமாக வைப்பது உங்களுக்கே தெரியும்.

கணினியின் திகதியையும் ஒருதடவை பாருங்கள். பழைய போர்டுகளில் உள்ளே இருக்கும் சிஆர் 2032 என்ற காசு அளவு பற்றரி தீர்ந்திருந்தால், ஒவ்வொரு முறை அணைத்துப் போடும்போதும் திகதி பல வருடம் பின்னால் போய்விடும். அப்படி இருந்தால் இணையத்தளங்கள் பாதுகாப்பற்றவை என்று தடுக்கும், இன்ஸ்டோலர்கள் கையொப்பம் சரியில்லை என்று முறைக்கும். நீங்கள் எஞ்சினைத் திட்டிக்கொண்டிருப்பீர்கள்.

இன்னொன்று என் பழைய வயிற்றெரிச்சல். ‘லைட்’, ‘கேமிங் எடிஷன்’ என்று யாரோ வெட்டிக் குறைத்த விண்டோஸைச் சில கடைகளில் போட்டுக் கொடுக்கிறார்கள். ஒருமுறை நானே காசு கொடுத்து அப்படி ஒன்றை வாங்கி வந்து, இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். வேகமாகத்தான் இருந்தது. ஆனால் அப்டேட் சேவையையும் மீடியா கோப்புகளையும் வெட்டி எறிந்திருந்தார்கள். அதன்மேல் ரன்டைம் எதுவும் ஒழுங்காக உட்காரவில்லை. உங்களுடையதும் அப்படிப்பட்டது என்றால், முதலில் மைக்ரோசொஃப்ட்டின் அசல் விண்டோஸைப் போட்டுவிட்டு இந்த வழிகாட்டிக்கு வாருங்கள். விண்டோஸ் 10க்கான வழக்கமான ஆதரவு 2025 ஒக்டோபர் 14ஆம் திகதியோடு முடிந்துவிட்டது. நம்மிடம் இருக்கும் பல கணினிகள் 11ஐ ஏற்காது என்பதால் 10இலேயே தொடர வேண்டியிருக்கிறது. எஞ்சின்கள் அதில் இன்னும் ஓடுகின்றன.

படி 1: கணினியிடமே கேளுங்கள்

விசைப்பலகையில் விண்டோஸ் குறியையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் ஒரு சிறு பெட்டி வரும். அதில் டி, எக்ஸ், டி, ஐ, ஏ, ஜி என்ற ஆறு ஆங்கில எழுத்துகளை இடைவெளியின்றித் தட்டி என்டர் கொடுங்கள். டைரக்ட்எக்ஸ் கண்டறியும் கருவி திறக்கும்.

முதல் பக்கத்தில் ‘டைரக்ட்எக்ஸ் 12’ என்று இருக்கும். இங்கேதான் எல்லோரும் ஏமாறுகிறார்கள். அது விண்டோஸில் இருக்கும் டைரக்ட்எக்ஸின் பதிப்பு. உங்கள் கிராபிக்ஸ் சிப் அதைச் செய்யுமா என்பதை அது சொல்வதில்லை. ‘டிஸ்ப்ளே’ பக்கத்துக்குப் போய் ‘ஃபீச்சர் லெவல்ஸ்’ என்ற வரியைப் பாருங்கள். அதில் முதலில் நிற்கும் எண்தான் உங்கள் சிப்பின் உண்மையான உயரம். 12_1, 12_0, 11_1, 11_0, 10_1 என்று ஏதாவது ஒன்றில் தொடங்கும். அதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். அதே பக்கத்தில் சிப்பின் பெயரும் இருக்கும், அதையும் எழுதுங்கள்.

இங்கே விற்கப்படும் செகண்ட் ஹேண்ட் லேப்டொப்புகளில் பெரும்பாலும் இன்டெல் சிப்தான். இரண்டாம் தலைமுறை கோர் ஐ வரிசையில் இருக்கும் எச்டி 3000, 10_1இல் நின்றுவிடும். மூன்றாம் தலைமுறையின் எச்டி 4000, 11_0 வரை வரும். வல்கன் என்ற இன்னொரு கிராபிக்ஸ் வழி இருக்கிறது, விண்டோஸில் இன்டெல் அதை ஆறாம் தலைமுறையிலிருந்துதான் முறையாகக் கொடுத்தது. ஐ5 என்று பெட்டியில் ஒட்டியிருப்பதை மட்டும் பார்த்து வாங்காதீர்கள். பத்தாம் தலைமுறைக்கு முந்தியவற்றில், அதற்குப் பின்னால் வரும் நான்கு இலக்க எண்ணின் முதல் இலக்கம்தான் தலைமுறை. 2520 என்றால் இரண்டு, 3210 என்றால் மூன்று, 6200 என்றால் ஆறு.

‘ஃபீச்சர் லெவல் 11.0 உள்ள ஜிபியு (கிராபிக்ஸ் சிப்) தேவை’ என்று அன்ரியல் எஞ்சின் சொல்லும்போது, உங்கள் தாளில் 10_1 என்று இருந்தால், எந்த இன்ஸ்டோலராலும் அதை மாற்ற முடியாது. அது வன்பொருளின் எல்லை. நேராகப் படி 6க்குப் போய் வேறு எஞ்சினைத் தேர்ந்தெடுங்கள். டேட்டா மிச்சம்.

படி 2: கிராபிக்ஸ் டிரைவர்

ஸ்டார்ட் பொத்தானில் வலது கிளிக் செய்து டிவைஸ் மேனேஜரைத் திறந்து, டிஸ்ப்ளே அடாப்டர்ஸை விரியுங்கள். இன்டெல், என்விடியா, ஏஎம்டி என்று ஒரு பெயர் இருந்தால் டிரைவர் இருக்கிறது. ‘பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர்’ என்று இருந்தால் இல்லை.

இல்லையென்றால் சுலபமான வழி விண்டோஸ் அப்டேட்தான். முன்பு போட்ட மீட்டர்ட் கனெக்‌ஷனைத் தற்காலிகமாக எடுத்துவிட்டு, அப்டேட் பக்கத்தில் ‘ஒப்ஷனல் அப்டேட்ஸ்’ என்பதற்குள் ‘டிரைவர் அப்டேட்ஸ்’ பட்டியலைப் பாருங்கள். கிராபிக்ஸ் பெயர் தெரிந்தால் அதை மட்டும் டிக் செய்து இறக்குங்கள்.

அங்கே எதுவும் வரவில்லையென்றால் லேப்டொப் நிறுவனத்தின் சப்போர்ட் தளத்துக்குப் போக வேண்டும். மாடல் எண் அடிப்பக்கத்து ஸ்டிக்கரில் இருக்கும். ஸ்டிக்கர் கிழிந்து போயிருக்கிறதா? பரவாயில்லை. டிவைஸ் மேனேஜரில் அந்த வரியை இரட்டைக் கிளிக் செய்து, ‘டீட்டெய்ல்ஸ்’ பக்கத்தில் ‘ஹார்ட்வேர் ஐடிஸ்’ என்பதைத் தெரிவு செய்யுங்கள். நீளமான ஒரு சொல் வரும். அதில் ‘வென்’ என்ற மூன்று ஆங்கில எழுத்துகளுக்குப் பின்னால் 8086 இருந்தால் இன்டெல், 10டிஇ இருந்தால் என்விடியா, 1002 இருந்தால் ஏஎம்டி. அதையடுத்து ‘டெவ்’ என்பதற்குப் பின்னால் வரும் நான்கு எழுத்துகள் எந்த மாடல் என்பதைச் சொல்லும். இந்த இரண்டையும் சேர்த்துத் தேடினால் எந்தச் சிப் என்று தெரிந்துவிடும். பிறகு அந்த நிறுவனத்தின் தளத்திலேயே டிரைவரை எடுக்கலாம்.

‘எல்லா டிரைவரையும் ஒரே கிளிக்கில் புதுப்பிக்கிறோம்’ என்று விளம்பரம் செய்யும் மென்பொருட்கள் பக்கமே போகாதீர்கள். தேவையில்லாத நாலு விஷயத்தையும் சேர்த்துக் கொண்டுவந்து கொட்டும்.

போட்டதும் ரீஸ்டார்ட் செய்து, படி 1இல் பார்த்த கருவியை மறுபடி திறந்து ஃபீச்சர் லெவலைப் பாருங்கள். மஸ்கெலியாத் தம்பியின் லேப்டொப்பில் எச்டி 4000 என்ற பெயரும் 11_0 என்ற எண்ணும் அப்போதுதான் வந்தன. வல்கனுக்கான கோப்பும், அதைப் போன்ற பழைய கிராபிக்ஸ் வழியான ஓபன்ஜிஎல்லும் டிரைவரோடுதான் வரும். ‘வல்கன் எஸ்டிகே’ என்று தனியாக ஒன்று இருக்கிறதே என்று அதையும் இறக்குகிறார்கள். அது எஞ்சினையே எழுதுகிறவர்களுக்கானது, எஞ்சினைப் பயன்படுத்துகிற நமக்கு வேண்டாம்.

சில லேப்டொப்புகளில் இன்டெல்லும் என்விடியாவும் இரண்டுமே இருக்கும். எஞ்சின் தவறான சிப்பில் ஓடித் திணறினால், செட்டிங்ஸில் டிஸ்ப்ளே பகுதிக்குக் கீழே ‘கிராபிக்ஸ்’ என்பதற்குள் எஞ்சினின் கோப்பைச் சேர்த்து ‘ஹை பெர்ஃபோமன்ஸ்’ என்று கொடுங்கள்.

படி 3: விஷுவல் சி பிளஸ் பிளஸ்

‘எம்எஸ்விசிபி140’, ‘விசிரன்டைம்140’, ‘விசிரன்டைம்140_1’ என்ற டிஎல்எல் காணவில்லை என்று வரும் செய்திகளைப் பார்த்திருப்பீர்கள். பெயரின் கடைசியில் வரும் எண்தான் துப்பு. 140 என்றால் 2015 முதல் 2022 வரைக்குமான மூட்டை. அந்த நான்கு பதிப்புகளும் ஒரே குடும்பம், ஒரே மூட்டையாகத்தான் வருகின்றன. 120 என்றால் 2013. 110 என்றால் 2012. 100 என்றால் 2010. 90 என்றால் 2008. இந்தப் பழையவை ஒவ்வொன்றும் தனித்தனி. 2022 இருக்கிறதே, 2013 எதற்கு என்று கேட்க முடியாது. ஒன்று மற்றதன் வேலையைச் செய்யாது.

இன்றைய எஞ்சின்களுக்கு 2015–2022 மூட்டை போதும். மைக்ரோசொஃப்ட் தளத்தில் 64 பிட்டுக்கு எக்ஸ்64, 32 பிட்டுக்கு எக்ஸ்86 என்று இரண்டு கோப்புகள் இருக்கும். உங்கள் விண்டோஸ் 64 பிட் என்றாலும் இரண்டையும் போடுங்கள். எஞ்சின் 64 பிட்டாக இருந்தாலும் அதோடு வரும் சின்னக் கருவி ஏதாவது 32 பிட்டாக இருக்கலாம். இரண்டும் சேர்ந்தே சுமார் 40 எம்பிதான்.

இறக்கிய கோப்பில் வலது கிளிக் செய்து, புரொப்பர்ட்டீஸில் ‘டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்’ பக்கத்தைப் பாருங்கள். மைக்ரோசொஃப்ட் கோர்ப்பரேஷன் என்று இருக்க வேண்டும். அந்தப் பக்கமே இல்லையென்றால் கோப்பைத் தூக்கி எறியுங்கள். யாரோ கொடுத்த பென் டிரைவிலிருந்து எடுத்த கோப்பானால் இந்தச் சோதனையைக் கட்டாயம் செய்யுங்கள்.

0எக்ஸ்80070666 என்ற பிழை வந்தால் பயப்பட வேண்டாம். இதைவிடப் புதிய பதிப்பு ஏற்கெனவே இருக்கிறது என்று அர்த்தம். இருந்தும் எஞ்சின் புலம்பினால், மைக்ரோசொஃப்ட் தளத்தில் இப்போது இருக்கும் கோப்பையே இறக்கி ஓடவிட்டு ‘ரிப்பேர்’ கொடுங்கள். நடுவில் கரண்ட் போய் அரைகுறையாக நின்ற கணினிகளில் இந்த ரிப்பேர் பலதடவை கைகொடுத்திருக்கிறது.

டிஎல்எல்லைத் தனியாக இறக்காதீர்கள்

உயர்தரம் எழுதிவிட்டு வீட்டில் சும்மா இருந்த காலத்தில் நானும் செய்தேன். ‘டி3டிஎக்ஸ்9_43 இல்லை’ என்று வந்தது. தேடியதும் முதலில் வந்த தளத்திலிருந்து அந்த ஒரு டிஎல்எல்லை மட்டும் எடுத்து, விண்டோஸ் ஃபோல்டருக்குள் சிஸ்டம்32இல் போட்டேன். செய்தி மாறியது. மகிழ்ச்சிதான், ஆனால் புதிய செய்தி 0எக்ஸ்சி000007பி. ஒரு வாரம் விளங்கவில்லை.

விஷயம் இதுதான். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் 64 பிட் கோப்புகள் இருக்கும். சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில் 32 பிட் கோப்புகள் இருக்கும். பெயர் வைத்தவர்களுக்குத்தான் வெளிச்சம். நான் 32 பிட் கோப்பை 64 பிட் வீட்டில் கொண்டுபோய்ச் சொருகியிருக்கிறேன். அந்தப் பிழை எண்ணுக்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்: இரண்டு வகை கலந்துவிட்டது. அப்படிச் சொருகியதை நீக்கிவிட்டு, விஷுவல் சி பிளஸ் பிளஸ்ஸின் இரண்டு மூட்டைகளையும் டைரக்ட்எக்ஸையும் முறையாகப் போட்டால் சரியாகும். அந்தத் தளங்கள் கொடுக்கும் கோப்பு எந்தப் பதிப்பு, அதற்குள் வேறு என்ன இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது. ஊர் பேர் தெரியாதவன் கொண்டுவந்த குழாயைப் பீலியில் மாட்டி, அந்தத் தண்ணீரை வீடே குடிப்பது போன்ற வேலை அது.

படி 4: டைரக்ட்எக்ஸ், 2010 ஜூன் மூட்டை

டைரக்ட்எக்ஸ் 11, 12 இரண்டும் விண்டோஸோடு பிறந்தவை. தனியாக இறக்க முடியாது, இறக்கவும் வேண்டாம். ‘டைரக்ட்எக்ஸ் ரன்டைம் தேவை’ என்று எஞ்சினோ கேமோ கேட்பது அதை அல்ல. டைரக்ட்எக்ஸ் 9 காலத்தில் தொடங்கிய துணைக் கோப்புகளைத்தான். டி3டிஎக்ஸ்9 என்ற வரிசை 24ஆம் எண்ணில் தொடங்கி 43இல் முடிகிறது. எக்ஸ்இன்புட்1_3 ஜோய்ஸ்டிக்குக்கு, எக்ஸ்ஓடியோ2_7 ஒலிக்கு. இவற்றின் கடைசி மூட்டை 2010 ஜூனில் வந்தது. அதன் பெயரே ‘டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம்ஸ், ஜூன் 2010’. விண்டோஸ் 11இலும் இதைப் போடலாம். புதியதைப் பழையதாக்கிவிடாது. இல்லாததை மட்டும் சேர்க்கும்.

இதில் இரண்டு வகை இருக்கிறது. வெப் இன்ஸ்டோலர் மிகச் சிறியது, ஆனால் ஓடும்போது இணையத்திலிருந்து இழுக்கும். சிக்னல் விட்டு விட்டு வரும் இடத்தில் அது பாதியில் நின்றுவிடும். நமக்கு ஏற்றது ‘ரீடிஸ்ட்’ என்ற முழு மூட்டை, சுமார் 95 எம்பி. ஒருமுறை இறக்கினால் எத்தனை கணினியில் வேண்டுமானாலும் இணையம் இல்லாமல் போடலாம்.

போடும் விதத்தில் ஒரு சின்னப் பொறி உண்டு. மூட்டையை இரட்டைக் கிளிக் செய்தால் அது நிறுவத் தொடங்காது. கோப்புகளை எங்கே பிரித்து வைக்கட்டும் என்று கேட்கும். டெஸ்க்டொப்பைக் காட்டினால் நூற்றுக்கும் மேற்பட்ட கோப்புகள் திரை முழுவதும் சிதறும். ஆகவே முதலில் டிஎக்ஸ் என்று ஒரு காலி ஃபோல்டர் செய்து அதைக் காட்டுங்கள். பிரித்து முடிந்ததும் எந்தச் சத்தமும் இல்லாமல் பெட்டி மறைந்துவிடும். பலர் இதோடு முடிந்தது என்று நினைத்து எழுந்து போய்விடுகிறார்கள். ஃபோல்டரைத் திறந்து, ‘டிஎக்ஸ்செட்அப்’ என்ற கோப்பை வலது கிளிக் செய்து ‘ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ கொடுங்கள். அதுதான் உண்மையான நிறுவல். முடிந்த பிறகு அந்த ஃபோல்டரை அழித்துவிடலாம். மூட்டையை மட்டும் அழிக்காதீர்கள்.

படி 5: டொட் நெட்

பெயர்க் குழப்பம் தவிர இதில் பெரிதாக ஒன்றுமில்லை. ‘டொட் நெட் ஃபிரேம்வேர்க் 4.8’ புதிய விண்டோஸ்களில் ஏற்கெனவே இருக்கிறது. ‘3.5’ என்று பழைய கருவி ஏதாவது கேட்டால், ‘டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஒன் ஓர் ஒஃப்’ என்ற பெட்டியில் டிக் செய்தால் வரும். ‘டொட் நெட் 8’ போன்றவை வேறு வம்சம். கோடோட் எஞ்சினில் சி ஷார்ப் மொழியில் எழுதப் போகிறவர்களுக்கு மட்டும் அது வேண்டும். 4.4 பதிப்பிலிருந்து டொட் நெட் 8 அல்லது அதற்கு மேற்பட்டது தேவை. அப்போதும் ‘ரன்டைம்’ போதாது, ‘எஸ்டிகே’யைத்தான் எடுக்க வேண்டும். 200 எம்பியைத் தாண்டும். யுனிட்டி எஞ்சின் தனக்கு வேண்டியதைத் தானே கொண்டுவந்துவிடும்.

படி 6: எஞ்சின்

இப்போதுதான் எஞ்சின். தாளில் எழுதிய எண்ணை எடுங்கள்.

என்னைக் கேட்டால், 8 ஜிபி ரேமும் பழைய இன்டெல் சிப்பும் உள்ள லேப்டொப்புக்குக் கோடோட்டுக்கு மேல் ஒன்றுமில்லை. இலவசம், திறந்த மூலம், நிறுவலே இல்லை. ஸிப் வகைச் சுருக்கக் கோப்பைப் பிரித்து, உள்ளே இருப்பதை இரட்டைக் கிளிக் செய்தால் எடிட்டர் திறந்துவிடும். புதிய புரொஜெக்ட் உருவாக்கும் பெட்டியில் ஃபோர்வர்ட் பிளஸ், மொபைல், கம்பேட்டிபிலிட்டி என்று மூன்று ரெண்டரரில் (படம் வரையும் முறையில்) எது வேண்டும் என்று கேட்கும். முதல் இரண்டும் வல்கன் போன்ற புதிய வழியில் ஓடுபவை. பழைய சிப்புக்குக் கம்பேட்டிபிலிட்டி. அது ஓபன்ஜிஎல் 3.3ஐக் கேட்கும், எச்டி 4000 அதைத் தரும். எச்டி 3000 போன்றவற்றில் கோடோட் 3ஐ எடுத்து, ஜிஎல்இஎஸ்2 என்ற ரெண்டரரைத் தெரிவு செய்யுங்கள். அதற்கு ஓபன்ஜிஎல் 2.1 போதும். இருபரிமாண கேம் செய்யத் தாராளம். கேமை ஏற்றுமதி செய்யும்போது ‘எக்ஸ்போர்ட் டெம்ப்ளேட்ஸ்’ என்ற பெரிய கோப்பு ஒன்று வேண்டும். அது உங்கள் எஞ்சின் பதிப்போடு அச்சொட்டாகப் பொருந்த வேண்டும். அதனால் வாரா வாரம் எஞ்சினைப் புதுப்பிக்காதீர்கள்.

யுனிட்டிக்கு முதலில் யுனிட்டி ஹப், அதன் வழியாக எடிட்டர். சில ஜிபி போகும். யுனிட்டி 6க்கு விண்டோஸ் 10இன் 21எச்1 பதிப்போ அதற்குப் பிந்தியதோ இருக்க வேண்டும். ஹப் காட்டும் கூடுதல் பட்டியலில் அண்ட்ரொய்ட், விஷுவல் ஸ்டூடியோ எல்லாம் இருக்கும். முதல் நாளே எல்லாவற்றையும் டிக் செய்தால் மாதத்து டேட்டா காலி. எடிட்டரை மட்டும் எடுங்கள், மற்றவற்றைப் பிறகு சேர்க்கலாம்.

அன்ரியல் 5க்கு 32 ஜிபி ரேமும் 8 ஜிபி கிராபிக்ஸ் நினைவகமும் பரிந்துரைக்கிறார்கள். இறக்க வேண்டியது பத்துக்கணக்கான ஜிபி. கொழும்பிலோ கண்டியிலோ நல்ல கணினி உள்ள உறவினர் வீட்டுக்குப் போகும்போது ஆசை தீரத் திறந்து பாருங்கள். அதன் நல்ல பழக்கம் ஒன்று: எஞ்சின் ஃபோல்டருக்குள் ‘எக்ஸ்ட்ராஸ்’, அதற்குள் ‘ரீடிஸ்ட்’ என்ற இடத்தில் தேவையான ரன்டைம்களையெல்லாம் போடும் ஓர் இன்ஸ்டோலரை வைத்திருக்கிறார்கள். பெயரில் ‘ப்ரீரெக்’ என்று இருக்கும். ‘பின்வரும் கூறுகள் தேவை’ என்ற செய்தி வந்தால் இணையத்தில் தேடுவதற்கு முன் அதை ஓடவிடுங்கள்.

பென் டிரைவில் ஒரு விஷயம். எஃப்ஏடி32 வகையில் ஃபோர்மட் செய்திருந்தால் 4 ஜிபியைத் தாண்டிய ஒற்றைக் கோப்பு அதில் ஏறாது. எக்ஸ்ஃபாட்டாக மாற்றிக்கொண்டு போங்கள். பஸ்ஸில் இரண்டு மணி நேரம் போய், அங்கே நின்று இது தெரிய வரக்கூடாது.

இன்னமும் திறக்கவில்லையா

செய்தியைப் போனில் படம் எடுத்து ஆறுதலாக வாசியுங்கள். ‘சைட் பை சைட் கொன்ஃபிகுரேஷன்’ சரியில்லை என்றால் 2005 அல்லது 2008 காலத்து விஷுவல் சி பிளஸ் பிளஸ் மூட்டை இல்லை. ‘எம்எஃப்பிளாட்’ இல்லை என்றால் உங்கள் விண்டோஸ் ‘என்’ என்ற ஆங்கில எழுத்து ஒட்டிய எடிஷனாக இருக்கலாம், ‘மீடியா ஃபீச்சர் பேக்’ என்பதைச் சேர்க்க வேண்டும். 0எக்ஸ்சி000001டி என்றால் எஞ்சின் கேட்கும் கட்டளை ஒன்று உங்கள் புரொசெசருக்கே தெரியவில்லை. அதற்கு மருந்து கிடையாது, பழைய பதிப்பு எஞ்சினைத்தான் பார்க்க வேண்டும்.

‘யுனிட்டிபிளேயர் டிஎல்எல் இல்லை’ என்ற செய்திக்கு ரன்டைமோடு எந்தச் சம்பந்தமும் இல்லை. கேமைப் பென் டிரைவில் எடுக்கும்போது இஎக்ஸ்இ கோப்பை மட்டும் கொப்பி செய்திருக்கிறார்கள். ஃபோல்டர் முழுவதையும் எடுக்க வேண்டும். கோடோட்டிலும் அப்படித்தான், பக்கத்தில் ஒரு பிசிகே கோப்பு இருந்தால் அதுவும் கூடவே போக வேண்டும். பாடசாலைப் போட்டிக்குக் கேம் கொண்டுபோய் மேடையில் இப்படி மாட்டிக்கொண்ட பிள்ளை ஒருத்தியைத் தெரியும். பாவம், மூன்று மாத உழைப்பு.

உங்கள் கேமை மற்றவர்களுக்குக் கொடுக்கும்போது அவர்கள் கணினியிலும் இதே பீலி வர வேண்டும் அல்லவா? அன்ரியலில் பேக்கேஜ் செய்யும் அமைப்பில் ‘இன்குளூட் ப்ரீரெக்விசிட்ஸ் இன்ஸ்டோலர்’ என்பதை டிக் செய்துவிடுங்கள். மற்றவற்றில், விஷுவல் சி பிளஸ் பிளஸ் மூட்டையையும் டைரக்ட்எக்ஸ் மூட்டையையும் பக்கத்தில் ஒரு ஃபோல்டரில் போட்டு, முதலில் இதைப் போடவும் என்று தமிழில் ஒரு குறிப்பு எழுதி வையுங்கள்.

தம்பியின் லேப்டொப்பில் டிரைவர் போட்டு, சி பிளஸ் பிளஸ் மூட்டை இரண்டையும் ஓடவிட்டு, கோடோட்டைக் கம்பேட்டிபிலிட்டியில் திறக்க ஒரு மணித்தியாலம்கூட ஆகவில்லை. டைரக்ட்எக்ஸை நான் மறுபடி போடவே இல்லை. முதல் தடவையே அவன் சரியாகத்தான் போட்டிருந்தான். போகும்போது என் பென் டிரைவை முழுதாகக் கொப்பி செய்துகொண்டான். அவர்கள் லயத்தில் இன்னும் இரண்டு லேப்டொப் இருக்கிறதாம், அதே கடையில் விண்டோஸ் போட்டது.